சிவப்பில் இருந்த பெயர்

மலாக்காவுக்கு ஒரு நாள் சுற்றுலா போகிறவர்கள் வெறுங்கையோடு போய் பிஸ்கட் டின்னோடு திரும்புவார்கள். சியா கிம் லெங் மட்டும் போகும்போதே பிஸ்கட் டின்னோடு பேருந்தில் ஏறினார். டின்னுக்குள் அவருடைய அம்மா இருந்தாள்.

இறக்கும்போது அவளுக்குத் தொண்ணூற்றொரு வயது. நாற்பத்தொன்பதாம் நாள் சடங்கு முடிந்து மூன்று நாள்தான் ஆகியிருந்தது. அவள் குரலை உயர்த்தினால் கிளிமெண்டி அடுக்குமாடியில் ஒன்பதாம் மாடிக்கு வரவேண்டிய லிஃப்ட் நாலாம் மாடியிலேயே நின்றுவிடும். முப்பத்திரண்டு வருஷம் லிஃப்ட் பழுதுபார்த்த கிம் லெங்குக்கே அதன் காரணம் பிடிபடவில்லை. அப்படிப்பட்டவள் இப்போது இரண்டு கை கொள்ளும் பீங்கான் ஜாடிக்குள் அடங்கிப் போயிருந்தாள். ஜாடி வெளியே தெரிந்தால் சுற்றுலா வந்த அத்தனை பேரும் இறங்கி ஓடிவிடுவார்கள். அதனால்தான் டின்.

அவளுடைய கடைசி ஆசை நீளமானதில்லை. ஆனால் அதற்குப் பின்னால் ஐம்பத்தெட்டு வருஷம் இருந்தது. கிம் லெங்குக்கு ஒன்பது வயதானபோது அப்பா, தெருமுனையில் பொபியா என்ற காய்கறிச் சுருள் விற்ற ஒருத்தியோடு மலாக்காவுக்குப் போய்விட்டார். எட்டு வருஷம் கழித்து அங்கேயே இறந்தார். அப்பாவின் அண்ணன் நியாயஸ்தர். மலாக்காவுக்கு வெளியே குலச் சங்கத்துக்குச் சொந்தமான மேட்டில் இரண்டு பேர் படுக்கிற சமாதி கட்டினார். கல்லில் தம்பியின் பெயரைத் தங்க வண்ணத்திலும் பக்கத்தில் முறைப்படி கட்டிய முதல் மனைவியின் பெயரைச் சிவப்பிலும் எழுத வைத்தார். உயிரோடு இருப்பவருக்குச் சிவப்பு. போய்ச் சேர்ந்த பிறகு அதன்மேல் தங்கம் பூசுவார்கள்.

அந்தச் சிவப்பை அம்மா ஒரே ஒரு முறை பார்த்தாள். அதற்குப் பிறகு அந்த மேட்டை அவளும் மிதிக்கவில்லை, மகனையும் மிதிக்கவிடவில்லை. ஆனால் யாராவது புருஷனைப் பற்றி வாயெடுத்தால் ஒரே பதில்தான். "எவளோட வேணா குடும்பம் நடத்தட்டும். படுக்கிற இடம் என் பேர்ல இருக்கு." ஆஸ்பத்திரியில் மூச்சு வாங்கும்போதும் அதையேதான் சொன்னாள். "என் இடத்துல வை. அவ வந்து படுக்கிறதுக்குள்ள வை."

ஆகவே கிம் லெங்கின் பையில் ஒரு சின்னக் குப்பி தங்க வண்ணமும் தூரிகையும் ஊதுபத்தியும் இருந்தன. சொந்தமாக வண்டி வைத்துக்கொண்டு போகலாமே என்று மனைவி ஸ்வீ லான் கேட்டதற்கு, "சுற்றுலாக் கூட்டத்துல போற கிழவனோட டின்னை எவன் திறந்து பார்ப்பான்?" என்றார்.

எல்லைச் சோதனையிலேயே மாட்டிக்கொண்டார்.

நம்மூர்ப் பக்கம் துவாஸில் ஒன்றுமில்லை. பாலம் தாண்டி மலேசியப் பக்கத்தில், பையை விழுங்கித் துப்புகிற யந்திரத்தின் முன்னால் முக்காடு போட்ட ஒரு இளம் அதிகாரி திரையைப் பார்த்து முகத்தைச் சுளித்தாள்.

"டின்ல என்ன அங்கிள்?"

"எங்க அம்மா."

"அம்மாவுக்கு என்ன கொண்டு போறீங்க?"

"அம்மாவைத்தான் கொண்டு போறேன்."

அவர் தகனச் சான்றிதழை நீட்டினார். அவள் கையைப் பின்னால் இழுத்துக்கொண்டு மேலதிகாரியைக் கூப்பிட்டாள். தொப்பையோடு வந்த மேலதிகாரி தாளை இரண்டு முறை படித்தார். பழக்கதோஷம் போலிருக்கிறது, எல்லோரிடமும் கேட்பதையே கேட்டார். "எத்தனை நாள் தங்குவாங்க?"

"திரும்பி வரமாட்டாங்க."

மேலதிகாரி தலையைக் குனிந்துகொண்டு போகச் சொல்லிக் கையைக் காட்டினார்.

எல்லைப் பாலத்தில் தொடங்கிய கிம் லெங்கின் உண்மையான வேலை அதன் பிறகும் தொடர்ந்தது. சாம்பலை எடுத்துக்கொண்டு போகிறவர் வழியில் வருகிற ஒவ்வொரு பாலத்தையும் செத்தவரிடம் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் ஆவி கரையிலேயே திகைத்து நின்றுவிடும். ஜாடி மட்டும்தான் போய்ச் சேரும். ஆகவே அவர் மடியிலிருந்த டின்னை நோக்கிக் குனிந்து ஒவ்வொரு பாலத்துக்கும் முணுமுணுத்தார். "அம்மா, பாலம் வருது. பயப்படாதே."

"அவ எதுக்குப் பயந்தா?" என்றாள் ஸ்வீ லான். "பாலந்தான் பயப்படணும்." முப்பத்தைந்து வருஷம் ஒரே அடுப்படியில் மாமியாரோடு நின்றவள் அவள்.

பேருந்தின் முன்னால் வழிகாட்டி ஹிலாரி லாசரூ ஒலிபெருக்கியில் பேசிக்கொண்டிருந்தார். மலாக்காக்காரர், போர்த்துகீசிய வழிவந்தவர், அறுபது வயது. கூட்டம் தொலையாமல் இருப்பதற்காகப் பச்சைக் குடையின் நுனியில் ரப்பர் முதலை ஒன்றைக் கட்டி வைத்திருந்தார்.

"கோட்டை எங்க முப்பாட்டன் கட்டினதுலா. டச்சுக்காரன் வந்து பிடிச்சான், இங்கிலீஷ்காரன் வந்து இடிச்சான். வாசல் மட்டும் நிக்குது. ஏன் தெரியுமா ஆன்ட்டி? அதுகிட்ட வரும்போது அவனுங்களுக்குச் சாப்பாட்டு மணி அடிச்சிடுச்சு. சாப்பிட்டு வந்தவனுக்கு யாருக்கு இடிக்கத் தோணும்?"

எல்லோரும் சிரித்தார்கள். கிம் லெங் இருபதாவது பாலத்தைச் சொல்லிக்கொண்டிருந்தார். வெளியே மழை விடாமல் பெய்தது. செம்பனைத் தோட்டங்கள் ஒரே மரத்தைத் திரும்பத் திரும்பக் காட்டுவது போல வந்துகொண்டேயிருந்தன. விடியற்காலை நாலு மணிக்கு எழுந்தவர். இமை இரண்டு நிமிஷம்தான் ஒட்டியிருக்கும். கண்ணைத் திறந்தபோது கலங்கலாய் அகன்ற ஓர் ஆறு பின்னால் போய்க்கொண்டிருந்தது.

"இது என்ன ஆறு?"

"மூவார் ஆறாம். அந்த ஆள் இப்பத்தான் சொன்னாரு. முதலை இருக்காம்."

"அம்மாகிட்ட நீ சொன்னியா?"

"நான் சொல்லி உங்கம்மா எதைக் கேட்டிருக்கா?"

கிம் லெங் எழுந்து பேருந்தின் பின்கண்ணாடி வரைக்கும் போய்ப் பார்த்தார். மழையில் ஆறே தெரியவில்லை. திரும்பி வந்து டின்னைத் தூக்கிப் பார்த்தார். கனம் குறைந்த மாதிரி இருந்தது. "அம்மா" என்று கூப்பிட்டார். உயிரோடு இருந்தபோதும் அவள் முதல் கூப்பாட்டுக்கு ஏன் என்று கேட்டவளில்லை. ஆகவே அதை வைத்து ஒன்றும் முடிவுகட்ட முடியவில்லை.

மலாக்காவில் சிவப்புக் கட்டடங்களைச் சுற்றிப் பார்த்தார்கள். பாட்டுப் போட்டுக்கொண்டு வந்த பூ வைத்த ரிக்‌ஷாக்கள் மழையில் நனைந்து நின்றன. சாப்பாட்டுக்கு உருண்டை பிடித்த கோழிச் சோறு. கிம் லெங் ஒரு உருண்டையைத் தட்டில் சுற்றிச் சுற்றி உருட்டிக்கொண்டிருந்தார். ஒன்றரை மணிக்கு ஹிலாரி குடையை உயர்த்தினார்.

"ரெண்டு மணி நேரம் உங்க பாடு. மூணரைக்கு மணிக்கூண்டுகிட்ட பேருந்து. வராதவங்க இங்கேயே கல்யாணம் பண்ணிக்கிட்டுத் தங்கிடலாம்லா."

கிம் லெங் அவரைத் தனியே கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னார். ஹிலாரி டின்னைப் பார்த்தார். ரப்பர் முதலையைப் பார்த்தார். பிறகு முதன்முதலாகக் கதை ஒன்றும் சொல்லாமல் தன் மச்சானுடைய காரை வரவழைத்துக் கொடுத்தார். "நிதானமா முடிச்சிட்டு வாங்க அங்கிள். பத்து நிமிஷம் தாமதமானா நான் தொலைஞ்சு போயிட்டேன்னு சொல்லிக்கறேன்."

மேட்டின் அடிவாரத்தில் தகரக் கொட்டகைக்குள் காவலாளி பாக் மொக்தார் இருந்தார். மலாய்க்காரர். ஆனால் நாற்பது வருஷமாகச் சீனச் சமாதிகளுக்கு நடுவில் இருந்ததில் கிம் லெங்கைவிட நல்ல ஹொக்கியன் சீனம் பேசினார். கிம் லெங்கின் அப்பா பெயரைக் கேட்டுவிட்டு, சமாதி எண்ணைப் பார்க்காமலே மண்வெட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு முன்னால் நடந்தார். ஸ்வீ லான் கறுப்புக் குடையை டின்னுக்கு மேல் பிடித்துக்கொண்டு வந்தாள். புருஷன் நனைந்தார்.

சமாதி இருந்தது. குதிரை லாடம் போல வளைந்த சுவர், பாசி பிடித்த கல். ஐம்பது வருஷத்துக்கு முன் பதினேழு வயதில் பார்த்தது அப்படியே கிம் லெங்குக்கு நினைவிருந்தது. அப்பாவின் பெயர் தங்கத்தில். பக்கத்தில் அம்மாவின் பெயர்.

அதுவும் தங்கத்தில்.

குனிந்து விரலால் தடவினார். மங்கிப்போன தங்கம். அதன் அடியில் இங்கொன்றும் அங்கொன்றுமாகச் சிவப்பு எட்டிப் பார்த்தது.

"யாரோ புண்ணியவான் நமக்கு வேலை வைக்காமப் பூசிட்டான்" என்றாள் ஸ்வீ லான். ஆனால் அவள் குரல் இறங்கியிருந்தது. அவளும் பார்த்துவிட்டாள். கல்லுக்குப் பின்னால் ஒரு மண்மேடு இருக்க வேண்டிய இடத்தில் இரண்டு மேடு இருந்தன.

"இன்னொரு பக்கம் யாரு?" என்றார் கிம் லெங்.

பாக் மொக்தார் கல்லைக் காட்டினார். "யாரா? இவங்கதான். பேர் இருக்குதே. எண்பத்தெட்டுல வச்சாங்க. நான் வேலைக்கு வந்து நாலாவது வருஷம். நல்ல மழை. குழிக்குள்ள தண்ணிய நான்தான் இறைச்சேன்."

"இந்தப் பேருக்கு உரியவங்க இந்த டின்ல இருக்காங்க."

காவலாளி மண்வெட்டியைக் கீழே வைத்தார். பிறகு அவர் மெதுவாகச் சொன்னார். "சங்கத்துல ஒரு கட்டுப்பாடு அங்கிள். கல்லுல பேர் இருக்கிறவங்களைத்தான் பக்கத்துல இறக்கலாம். கல்லை மாத்தணும்னா கட்டினவங்க கையெழுத்து வேணும். கட்டினவர் அப்பவே போய்ச் சேர்ந்துட்டாரு. மூத்த மகன் வந்து, எங்கம்மா பேர் இதுதான்னான். பேரு இருந்துச்சு, புருஷன் இருந்தாரு, பிள்ளைங்க கதறினாங்க. யாரு என்ன கேக்கறது? அவனே தூரிகையை வாங்கி அந்தச் சிவப்பு மேல தங்கத்தைப் பூசினான். மழை விடல. பாருங்க, ஒரு கோடு வழிஞ்சிருக்கும்."

வழிந்திருந்தது.

கிம் லெங் ஈரக்கல்லிலேயே உட்கார்ந்துவிட்டார். அம்மா மலாக்காவில் செத்து முப்பத்தாறு வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது. அது தெரியாமல் அவள் கிளிமெண்டியில் மீன் விலைக்குச் சண்டை போட்டுக்கொண்டும் மருமகள் வைத்த சூப்பில் உப்புக் குறை கண்டுகொண்டும் இருந்திருக்கிறாள். இங்கே ஒவ்வொரு ஏப்ரலிலும் அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு, அவள் பெயருக்கே வாத்தும் சோறும் படைத்திருக்கிறார்கள். இப்போதுதான் அவருக்கு ஒன்று உறைத்தது. எண்பத்தெட்டுக்குப் பிறகு வருஷா வருஷம் முன்னோருக்குப் படைக்கிற அந்த நாளில் மட்டும் அம்மாவுக்குப் பசியே எடுக்காது. காலையிலிருந்தே வயிற்றைத் தடவிக்கொண்டு, "எனக்கு வேணாம், நெஞ்சு வரைக்கும் இருக்கு" என்பாள். சாயங்காலம் வாத்து வாசனையோடு ஏப்பம் விடுவாள். வீட்டில் வாத்து வாங்கியே இருக்கமாட்டார்கள். டாக்டர் வாயு என்று மாத்திரை கொடுத்தார். கடைசிப் பத்துப் பன்னிரண்டு வருஷமாகத்தான் அந்த ஏப்பம் நின்றிருந்தது.

"நல்லவேளை, தெரியாமப் போயிட்டா" என்றாள் ஸ்வீ லான். "தெரிஞ்சிருந்தா நீந்தியே வந்திருப்பா."

"வா, போலாம். இங்க எப்படி வைக்கிறது? அவ படுத்திருக்கா. வீட்டுக்கே கொண்டு போயிடலாம்" என்று எழுந்தார் கிம் லெங்.

"நீயா முடிவு பண்ணாதே. கேளு. அவ முடிவு பண்ணாத விஷயம் நம்ம வீட்டுல எது இருந்திருக்கு?"

கிம் லெங் பையிலிருந்து இரண்டு நாணயங்களை எடுத்தார். செத்தவரிடம் கேட்கிற முறை அதுதான். ஒன்று பூவும் ஒன்று தலையுமாக விழுந்தால் சரி என்று அர்த்தம். இரண்டும் ஒன்றாக விழுந்தால் இல்லை. ஊதுபத்தி கொளுத்தி, டின்னைத் திறந்து, ஜாடியைக் கல்லின் முன் வைத்தார்.

"அம்மா, மூவார் ஆத்துல நான் தூங்கிட்டேன். நீ வந்துட்டியா?"

போட்டார். ஒன்று பூ, ஒன்று தலை. அவர் தோள் கொஞ்சம் இறங்கியது.

"அம்மா, உன் இடத்துல அவ படுத்திருக்கா. உன் பேரையும் எடுத்துக்கிட்டா. வா, வீட்டுக்குப் போயிடலாமா?"

இரண்டும் தலை.

"கடல்ல கரைச்சிடட்டுமா?"

இரண்டும் பூ.

அவர் நாக்கால் உதட்டை ஈரப்படுத்திக்கொண்டார். இல்லை என்று வரவேண்டும் என்று உள்ளுக்குள் வேண்டிக்கொண்டே கேட்டார். "அவ இருக்கிறா. இருந்தாலும் நீ இங்கதான் இருக்கணுமா?"

ஒன்று பூ, ஒன்று தலை. உறுதிப்படுத்திக்கொள்ள மூன்று முறை போட வேண்டும். இரண்டாம் முறையும் அதே. மூன்றாம் முறை ஒரு நாணயம் பூவாக விழுந்தது. இன்னொன்று விழவில்லை. விளிம்பில் நின்று உருண்டு, அப்பாவின் மேட்டைச் சுற்றி, அந்தப் பெண்ணின் மேட்டைச் சுற்றி, புல்லைத் தாண்டி, சரிவில் மேல்நோக்கி ஏறி வந்து, கல்லில் அம்மாவின் பெயருக்கு நேர் கீழே மோதித் தலையாகச் சாய்ந்தது. பாக் மொக்தார் சாட்சி. அவர் நாற்பது வருஷத்தில் எத்தனையோ நாணயம் பார்த்தவர். அவரே தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்துகொண்டார்.

"இதுக்கு மேல நான் ஒண்ணும் சொல்றதுக்கில்ல" என்றாள் ஸ்வீ லான்.

"எங்க வைக்கிறது?" என்றார் கிம் லெங். "அந்தப் பொம்பளைக்கு அந்தப் பக்கம் ஓரத்துலயா? கடைசியிலயா?"

காவலாளி இரண்டு மேட்டுக்கும் நடுவில் மண்வெட்டிக் காம்பைப் படுக்கவைத்து அளந்து பார்த்தார். "முழு உடம்புன்னா முடியாது. சாம்பல்தானே. நடுவுல ஒரு முழம் இருக்கு."

அந்த ஒரு முழத்தில் தோண்டினார். மண் செம்மண், ஈரத்தில் பிட்டுப் பிட்டாக வந்தது. புருஷனுக்கும் அவளுக்கும் நடுவே, இரண்டு பக்கமும் இடிக்காமல், ஜாடி இறங்கியது. அளவெடுத்துச் செய்தது போலிருந்தது. மண்ணை மூடியதும் கிம் லெங் மெதுவாகத்தான் மிதித்தார். ஆசைப்பட்ட இடத்தில் வைத்தாகிவிட்டது. ஆனால் ஐம்பத்தெட்டு வருஷம் ஒருத்தியைத் திட்டியே வாழ்ந்தவளை, காலமெல்லாம் திரும்பிப் படுக்கக்கூட இடமில்லாமல் அவளோடு ஒட்டவைத்துவிட்டோமே என்று இருந்தது.

தங்க வண்ணத்தை எடுத்து அப்பாவின் பெயருக்கும் அம்மாவின் பெயருக்கும் புதிதாகப் பூசினார். ஸ்வீ லான் குடையைக் கல்லுக்குப் பிடித்தாள். வழிந்திருந்த கோட்டை அவர் துடைக்கவில்லை.

பூசி முடித்தபோதுதான் தெரிந்தது. கல் இப்போது பொய் சொல்லவில்லை. அப்பா இருக்கிறார், பெயர் இருக்கிறது. அம்மா வந்துவிட்டாள், பெயர் இருக்கிறது. பெயரில்லாமல் படுத்திருப்பது அந்த ஒருத்திதான்.

"அவங்க உண்மையான பேர் என்ன பாக்?"

"எனக்குத் தெரியாது."

"அன்னைக்கு அழுதாங்களே, என்ன சொல்லி அழுதாங்க?"

"அம்மான்னுதான். பெத்தவளைப் பேர் சொல்லியா அழுவாங்க?"

"பிள்ளைங்க எங்க இருக்காங்க?"

"ஒருத்தன் ஆஸ்திரேலியான்னு கேள்வி. இன்னொருத்தன் எங்கயோ. பத்துப் பன்னிரண்டு வருஷமா யாரும் வரல. புல்லை நான்தான் வெட்டறேன்."

கிம் லெங்குக்கு அவளைப் பற்றித் தெரிந்ததெல்லாம் அம்மா வைத்த பெயர்கள்தான். அவை இருபத்தைந்துக்குக் குறையாது. ஒன்றும் கல்லில் எழுதக் கூடியதில்லை. அவள் கையால் ஒரு பொபியா வாங்கித் தின்றது அவருக்கு நினைவிருந்தது. எட்டு வயதிருக்கும். கூடுதலாகக் கடலைப்பொடி தூவி, "அம்மாகிட்டச் சொல்லாதே" என்று கொடுத்தாள். முகம் நினைவில்லை. விரல் நுனியில் மாவு ஒட்டியிருந்தது.

கிளம்புவதற்கு முன் ஒவ்வொருவரையும் பெயர் சொல்லிச் சாப்பிடக் கூப்பிட வேண்டும். ஆளுக்கொரு ஊதுபத்தி. கொண்டு வந்த ஆரஞ்சுகளை மூன்று கூறாக வைத்தார். அப்பாவை அழைத்தார். அம்மாவை, முழுப் பெயரையும் சொல்லி, இரண்டு முறை அழைத்தார். மூன்றாவது ஊதுபத்தியைப் பிடித்துக்கொண்டு நின்றார். சாம்பல் நீண்டு வளைந்தது. கீழே சாலையில் கார்க்காரன் ஒலிப்பானை அடித்தான். மணி மூன்றே கால்.

"என்ன சொல்லிக் கூப்பிடறது?" என்றார்.

மழையில் ஸ்வீ லானின் மூக்கு நுனியில் ஒரு சொட்டு தொங்கியது. "முறைன்னு ஒண்ணு இருக்குல்ல" என்றாள் கடைசியில். "ஆனா மெல்லச் சொல்லு. கிழவி இப்பத்தான் போய்ப் படுத்திருக்கா."

கிம் லெங் கல்லைவிட்டு நகர்ந்து, மண்மேட்டின் வலப்பக்க ஓரத்துக்குப் போனார். முழங்காலைப் பிடித்துக்கொண்டு குனிந்தார். புதிதாக மூடிய மண்ணுக்குக் கேட்காதபடி வாயைக் கையால் மறைத்துக்கொண்டு சொன்னார்.

"சின்னம்மா, வந்து சாப்பிடுங்க."

ஊதுபத்தியை ஊன்றினார். ஈர மண்ணில் அது சாய்ந்தது. நிமிர்த்தி, இரண்டு கூழாங்கல் வைத்து முட்டுக்கொடுத்தார். மறுபடியும் சாய்ந்தது. அணையவில்லை. அப்படியே விட்டுவிட்டு இருவரும் இறங்கினார்கள்.